டிக்கால்: ஆறில்லா ஊரின் தண்ணீர்

டிக்காலுக்கு ஒருநாள் போய்வருகிறவர்கள் பெரும்பாலும் அண்ணாந்து பார்த்துவிட்டே திரும்புகிறார்கள். அதில் தப்பில்லை. காட்டு நடுவே 47 மீட்டர் உயரத்துக்கு நிமிர்ந்து நிற்கும் முதலாம் கோயிலைப் பார்த்துத் தலை நிமிராமல் இருக்க முடியாது. ஆனால் மாயர்களின் இந்தப் பெருநகரத்தில் என்னை அதிகம் வியக்கவைப்பது அதன் தரை. ஊரை ஒட்டி ஆறு எதுவும் ஓடவில்லை. பெரிய ஏரி வேண்டுமென்றால் தெற்கே சுமார் 30 கிலோமீட்டர் போகவேண்டும். பொதி சுமக்க மாடோ குதிரையோ அவர்களிடம் கிடையாது; சக்கர வண்டியும் கிடையாது. அப்படிப்பட்ட இடத்தில் பல்லாயிரம் பேர் பல நூற்றாண்டுகள் குடியிருந்தார்கள். ஒவ்வோர் ஆண்டும் மழையே இல்லாத மாதங்களைத் தாண்டினார்கள். எப்படி என்பதற்கான விடை நடைபாதையின் ஓரத்திலேயே இருக்கிறது. கோயில்களுக்கு விரையும் கூட்டம் அதைக் கவனிக்காமல் கடந்துவிடுகிறது.

பயணம் ஃப்ளோரெஸிலிருந்து தொடங்கும். குவாத்தமாலாவின் வடபகுதியான பெத்தேனில், பெத்தேன் இட்சா ஏரிக்குள் இருக்கும் சின்னத் தீவு அது. விடுதி வாசலுக்கே வேன் வந்து ஏற்றிக்கொள்ளும். டிக்கால் போய்ச்சேர ஒன்றரை மணி நேரம் ஆகும். வெயில் ஏறுவதற்குள் சுற்றிவிடலாம் என்பதால் அதிகாலை வண்டிகளுக்குத்தான் கிராக்கி. நாட்டின் சுற்றுலா நிறுவனமான இன்குவாட் வழங்கும் அடையாள அட்டை உள்ள வழிகாட்டியைத் தேர்ந்துகொள்வது நல்லது. விஷயம் தெரிந்த வழிகாட்டி, கிளம்பும் இடத்திலிருந்தே கதையைத் தொடங்கிவிடுவார். ஏனென்றால் ஃப்ளோரெஸ் தீவேதான் அன்றைய நோஹ்பெத்தேன், இட்சா மாயர்களின் தலைநகரம். 1697 மார்ச் 13 அன்று ஸ்பானியப் படை அதைக் கைப்பற்றும்வரை அங்கே ஒரு மாய அரசு யாருக்கும் அடிபணியாமல் இருந்தது. கொலம்பஸ் வந்து 200 ஆண்டுகள் கழிந்த பிறகும்!

மாயர்கள் திடீரென்று மறைந்துபோனார்கள் என்ற பேச்சு நம் பத்திரிகைகளில் இன்னும் அடிபடுகிறது. அதை நிறுத்திக்கொள்ள வேண்டும். 2018 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் குவாத்தமாலா மக்களில் ஐந்தில் இரண்டு பேர் தங்களை மாயர்கள் என்றே பதிவுசெய்திருக்கிறார்கள். 20க்கும் மேற்பட்ட மாய மொழிகள் அங்கே வீடுகளிலும் சந்தைகளிலும் புழங்குகின்றன. டிக்காலின் பெரிய சதுக்கத்தில் இன்றைக்கும் அவர்கள் நெருப்பு வளர்த்துச் சடங்கு செய்கிறார்கள். கைவிடப்பட்டது ஊர்தான். மக்கள் இருக்கிறார்கள்.

டிக்கால் 1955இல் தேசியப் பூங்கா ஆனது. 1979இல் யுனெஸ்கோ அதை உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தபோது இயற்கை, பண்பாடு என்று இரண்டு வகையிலும் சேர்த்தது. உள்ளே நுழைந்ததும் பிரமாண்டமான ஒரு செய்பா மரத்தின் முன் எல்லோரும் நின்று படமெடுத்துக்கொள்வார்கள். மாயர்களுக்கு அது புனித மரம். குவாத்தமாலாவின் தேசிய மரமும் அதுவே. போடிநாயக்கனூர் பக்கம் மெத்தைக்கும் தலையணைக்கும் பஞ்சு தருகிறதே இலவமரம், அதே இனம்தான். சற்று உள்ளே போனால் காட்டின் உச்சியிலிருந்து அடித்தொண்டை உறுமல் கேட்கும். புதிதாக வருகிறவர்கள் சிறுத்தை என்று பயப்படுவார்கள். உறுமுவது ஊளைக்குரங்கு. அதன் குரல் சில கிலோமீட்டர் தாண்டிக் கேட்கும்.

இனி தரைக்கு வருவோம். பெத்தேனின் அடியில் இருப்பது சுண்ணாம்புக்கல். விழுகிற மழையை இடுக்குகள் வழியாக உள்ளே இழுத்துக்கொள்ளும் பாறை அது. டிக்காலில் ஆண்டுக்குக் கிட்டத்தட்ட 1900 மில்லிமீட்டர் மழை பெய்கிறது. கேட்பதற்குத் தாராளமான கணக்கு. ஆனால் பெரும்பகுதி மே, ஜூனில் தொடங்கி ஆண்டுக் கடைசிக்குள் கொட்டித் தீர்த்துவிடும். ஜனவரி தாண்டினால் வானம் வறண்டுவிடும். நிலத்தடி நீரோ எட்டாத ஆழத்தில் இருக்கிறது. ஆகவே பெய்கிற மழையைப் பாறை விழுங்குவதற்கு முன் பிடித்துக்கொள்வதைத் தவிர இந்த ஊருக்கு வேறு வழியில்லை.

அதற்காக அவர்கள் நகரத்தையே மழை பிடிக்கும் பரப்பாக மாற்றினார்கள். பெரிய சதுக்கத்தில் இப்போது புல் முளைத்திருக்கிறது. கிழக்கே முதலாம் கோயில், மேற்கே இரண்டாம் கோயில், வடக்கே அரச கல்லறைகள் அடுக்கடுக்காக எழுந்த வட அக்ரோபோலிஸ். இவற்றைப் பார்த்து முடித்ததும் ஒரு நிமிடம் குனிந்து பாருங்கள். அந்தப் புல்லுக்கு அடியில் இருப்பது சுண்ணாம்புச் சாந்து பூசிய தளம். பழையது தேயத் தேய அதன்மேல் புதிதாகப் பூசிக்கொண்டே வந்திருக்கிறார்கள். தண்ணீர் ஒரு சொட்டும் உள்ளே இறங்காத அந்தத் தளத்துக்கு வாட்டமும் கொடுத்திருக்கிறார்கள். மொட்டைமாடியில் விழும் மழையைக் குழாய்வழி தொட்டிக்கு இறக்குகிறோமே, அதே வேலையைத்தான் கோயில் படிகளும் முற்றங்களும் உயர்த்திக் கட்டிய சாலைகளும் செய்தன. ஆய்வாளர் வெர்னன் ஸ்கார்பரோவும் அவருடைய சகாவும் 1991இல் சயன்ஸ் இதழில் இதைக் கணக்கிட்டுக் காட்டினார்கள். நகர மையத்தின் நீர்ப்பிடிப்பு மட்டும் 62 ஹெக்டேர். ஆண்டுக்கு 1500 மில்லிமீட்டர் மழை என்று வைத்துக்கொண்டாலே அதில் 9 லட்சம் கன மீட்டருக்கு மேல் விழுகிறது. அதாவது 90 கோடி லிட்டர்! அத்தனையும் குளத்துக்கு வந்துசேர்ந்திருக்காது என்றாலும், ஒரு நகரத்தைக் கோடை தாண்டவைக்க அதில் ஒரு பங்கே போதும்.

அந்தத் தண்ணீர் எங்கே போனது? சதுக்கத்தின் தெற்கே நடு அக்ரோபோலிஸ் இருக்கிறது. அரச குடும்பம் புழங்கிய அறைகளும் முற்றங்களும் பின்னிக்கிடக்கும் இடம். அதன் தெற்கு விளிம்புக்குப் போனால் கீழே மரங்கள் அடர்ந்த பள்ளம் தெரியும். பள்ளத்துக்கு அப்பால் ஐந்தாம் கோயில். பலர் அந்தக் கோயிலைப் படமெடுத்துக்கொண்டு நகர்ந்துவிடுவார்கள். படத்தின் கீழ்ப்பாதியில் இருட்டாகத் தெரிகிற பள்ளம்தான் அரண்மனைக் குளம். கட்டடங்களுக்குக் கல் வெட்டி எடுத்த இடமும் அதுவே. கல் கோயிலாக எழும்ப, வெட்டிய பள்ளம் குளமாக நின்றது. பெத்தேன்காரர்கள் இத்தகைய நீர்நிலையை அகுவாதா என்பார்கள். வழிகாட்டியிடம் அந்தச் சொல்லைச் சொல்லிக் கேட்டால் காட்டுவார்.

குளத்தின் ஒரு முனையில் நீண்ட மேடு ஒன்று உண்டு. அது நடந்துபோகக் கட்டிய பாதை என்றே வெகுநாள் நினைத்திருந்தார்கள். சின்சினாட்டி பல்கலைக்கழக ஆய்வாளரான ஸ்கார்பரோவின் குழு தோண்டிப் பார்த்தபோது அது அணை என்று தெரிந்தது. வெட்டிய கல், இடிகல், மண் ஆகியவற்றால் ஆனது. 80 மீட்டருக்குமேல் நீளம், 10 மீட்டர் உயரம். ஏறக்குறைய 7.5 கோடி லிட்டர் தண்ணீரை அது தாங்கி நின்றது. 2012இல் வெளியான அந்த ஆய்வின்படி, பழைய மாயர்கள் கட்டியதாகத் தெரிந்த அணைகளில் இதுவே பெரியது. கீழ்க் குளங்களுக்குத் தண்ணீரைத் திறந்துவிட மதகும் இருந்தது. மேட்டில் இருக்கும் குளம் நிறைந்து கீழே இருப்பதற்குப் போகும்; கடைசியில் வயலுக்குப் போகும். இரும்புக் கருவி ஒன்றுகூட இல்லாத மக்கள் இதைச் செய்தார்கள் என்பதை அந்த மேட்டருகே நின்று யோசித்தால்தான் அதன் அருமை உறைக்கும்.

தேக்கிய தண்ணீர் நல்ல தண்ணீராகவே இருக்கும் என்ற உத்தரவாதம் இல்லை. டேவிட் லென்ட்ஸ் தலைமையிலான குழு டிக்கால் குளங்களின் அடிவண்டலை எடுத்து, அதில் மிஞ்சியிருந்த மரபணுத் துணுக்குகளையும் வேதிப்பொருள்களையும் பரிசோதித்தது. 2020இல் வந்த முடிவு மனதைக் கலக்குகிறது. அரண்மனைக் குளத்திலும் கோயில் குளத்திலும் பாதரசம் மிக அதிகம். எங்கிருந்து வந்தது பாதரசம்? மாயர்கள் கட்டடங்களுக்கும் கல்லறைகளுக்கும் பூசிய செக்கச்சிவந்த நிறமி சின்னபார். நாம் லிங்கம் என்கிற பாதரசச் சல்பைடு. மழை அடிக்க அடிக்கச் சுவரின் சிவப்பு கரைந்து குளத்தில் இறங்கியது. அரண்மனைச் சமையலறைக் கழிவிலிருந்து பாஸ்பேட் சேர்ந்தது. பாஸ்பேட்டைத் தின்று நீலப்பச்சைப் பாசி பெருகியது. அந்தப் பாசிகளில் சில கல்லீரலைத் தாக்கும் நஞ்சைச் சுரப்பவை. தண்ணீரைக் கொதிக்கவைத்தாலும் அந்த நஞ்சு போகாது. வறட்சி வந்து குளம் குறுகியபோது பாசி இன்னும் திரண்டிருக்கும். அரசனின் வாசலில் இருந்த குளம், தண்ணீர் மிகத் தேவைப்பட்ட ஆண்டுகளில் குடிக்க லாயக்கில்லாமல் போயிற்று.

மையத்திலிருந்து தள்ளியிருந்த கொரியென்தால் குளத்தின் கதை வேறு. அதன் வண்டலில் பாசியும் இல்லை, பாதரசமும் இல்லை. அதற்குப் பதிலாகப் பளிங்கு மணலும் ஜியோலைட் என்ற கனிமமும் கிடைத்தன. எரிமலைச் சாம்பல் காலப்போக்கில் மாறி உருவாகும் படிகம் ஜியோலைட். அதன் உள்ளமைப்பு முழுக்க நுண்துளைகள். தண்ணீர் ஊடுருவிப் போகும்போது கன உலோக அயனிகளையும் நைட்ரஜன் சேர்மங்களையும் பிடித்து நிறுத்திக்கொள்ளும், நுண்ணுயிர்களையும் குறைக்கும். இன்றைய நீர் வடிகட்டிகளிலும் அது பயன்படுகிறது. டிக்காலின் சுண்ணாம்பு மண்ணில் இயல்பாக இது கிடைக்காது. சுமார் 30 கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கும் அசூகார் தாழ்நிலத்தின் கனிமத்தோடு இது ஒத்துப்போகிறது. ஆய்வுக்குழுவைச் சேர்ந்த நிக்கலஸ் டன்னிங் பல ஆண்டுகளுக்கு முன்பே அந்தப் பக்கம் ஒரு பாறைப் படிவிலிருந்து தண்ணீர் கசிவதைப் பார்த்திருந்தார். அந்தத் தண்ணீர் சுத்தமானது, இனிப்பானது என்று அங்கே வேலை செய்தவர்கள் குடுவையில் பிடித்துக்கொள்வார்களாம். பழைய மாயர்களும் அதே ருசியைக் கண்டுகொண்டு, அந்த மணலைத் தலைச்சுமையாகக் கொண்டுவந்து குளத்தின் வாயில் போட்டிருக்கவேண்டும் என்பது குழுவின் ஊகம். எனக்கு அது நம்பும்படியாகவே இருக்கிறது. இரண்டாயிரம் ஆண்டுக்கு முன்பே தொடங்கிய இந்த ஏற்பாட்டை, ஜியோலைட்டால் நீர் சுத்திகரித்ததற்கு உலகில் கிடைத்துள்ள மிகப் பழைய சான்று என்கிறார் ஆய்வை நடத்திய கென்னத் டாங்கர்ஸ்லி. அரண்மனைக் குளத்தில் அந்த மணல் ஏன் இல்லை என்ற கேள்வி மட்டும் உறுத்திக்கொண்டே இருக்கிறது.

நான்காம் கோயில் ஏறுவது பயணத்தின் உச்சம். பக்கவாட்டில் மரப்படி போட்டிருக்கிறார்கள். முதலாம் கோயிலில் ஏற அனுமதி இல்லை. கி.பி. 741 வாக்கில் கட்டிய நான்காம் கோயில் ஏறத்தாழ 65 மீட்டர் உயரம். 1977இல் வந்த ஸ்டார் வார்ஸ் படத்தில் கிளர்ச்சிப் படையின் தளமாகத் தெரியும் காட்சி இந்த உச்சியிலிருந்து எடுத்தது. இதன் வாசல் நிலைகளுக்குமேல் குறுக்கே போட்டிருந்த செதுக்கு உத்தரங்களில் ஒரு தொகுதி இப்போது சுவிட்சர்லாந்தின் பாசல் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. 1870களில் பெயர்த்துக்கொண்டு போனார்கள். அந்த உத்தரங்கள் சப்போட்டா மரம்! நம் பழக்கடைச் சப்போட்டாவுக்குத் தாயகம் இந்தப் பகுதிதான். ஈரக் காட்டில் 1100 ஆண்டுகள் மக்காமல் கிடந்த வைரம் பாய்ந்த மரம் அது. லென்ட்ஸ் குழு இந்த மரங்களையும் ஆராய்ந்தது. 741 வரை பருமனான சப்போட்டா உத்தரங்கள் தாராளமாகக் கிடைத்தன. அதன் பிறகு தாழ்நிலத்தில் வளரும், கோணலும் முடிச்சுமான சாயமரத்துக்கு இறங்கினார்கள். 810 வாக்கில் மூன்றாம் கோயில் எழுந்தபோது சப்போட்டா திரும்ப வந்தது, ஆனால் சிறுத்த மரங்களாக. முற்றிய மரங்கள் தீர்ந்துபோயிருந்தன என்பதற்கு இதைவிட நேரான சாட்சி வேண்டியதில்லை.

உச்சியிலிருந்து பார்த்தால் பச்சைக் காட்டுக்கு நடுவே ஒன்று, இரண்டு, மூன்றாம் கோயில்களின் தலை மட்டும் தெரியும். இடையில் இருப்பதெல்லாம் வெறும் காடு என்று தோன்றும். 2016இல் விமானத்திலிருந்து லேசர் துடிப்புகளை அனுப்பும் லைடார் முறையில் பெத்தேனில் 2100 சதுர கிலோமீட்டருக்கு மேல் அளந்தார்கள். இலைகளுக்கு ஊடே நுழைந்து தரையைத் தொட்டுத் திரும்பிய துடிப்புகளை மட்டும் பிரித்து வரைந்தபோது 61,480 கட்டடத் தடயங்கள் வெளிப்பட்டன. டிக்காலிலேயே, இயற்கையான குன்று என்று எல்லோரும் கடந்துபோன இடம் ஒன்று, மெக்சிகோவின் தியோத்திவாக்கான் நகரக் கோட்டை வளாகத்தைச் சின்ன அளவில் அப்படியே ஒத்த கட்டட வளாகம் என்று 2021இல் தெரியவந்தது. கி.பி. 378இல் தியோத்திவாக்கானோடு தொடர்புடைய படைத்தலைவன் ஒருவன் டிக்காலுக்குள் நுழைந்ததையும், அதே நாளில் டிக்கால் அரசன் இறந்ததையும் கல்வெட்டுகள் சொல்கின்றன. ஆயிரம் கிலோமீட்டருக்கு அப்பாலிருந்து வந்தவர்கள் வந்து போனதோடு நிற்காமல் இங்கேயே கட்டிக் குடியிருந்தார்களோ என்று இப்போது கேட்கிறார்கள்.

டிக்காலில் கிடைத்த, ஆண்டு பொறித்த நினைவுக்கற்களில் கடைசியானது கி.பி. 869ஐச் சேர்ந்தது. 9ஆம் நூற்றாண்டில் மழை திரும்பத் திரும்பப் பொய்த்ததைக் குகைகளின் கசிதுளிப் படிவுகளும் ஏரி வண்டல்களும் காட்டுகின்றன. போர்கள், தீர்ந்துபோன மரம், கெட்டுப்போன குளம் எல்லாம் சேர்ந்துகொண்டன. மழையை மட்டுமே நம்பி, அந்த நம்பிக்கையை இவ்வளவு நுட்பமாகக் கட்டியெழுப்பிய ஊருக்கு, தொடர்ந்து பொய்த்த மழைதான் தாங்கமுடியாத அடியாக இருந்திருக்கும் என்று நினைக்கிறேன்.

காட்டுக்கு என்ன ஆனது என்பதைத் திரும்பும் வழியில் வரும் பெத்தேன் இட்சா ஏரி சொல்கிறது. அதன் ஆழம் 160 மீட்டருக்கு மேல். 2006இல் ஆய்வாளர்கள் மிதவையில் நின்றபடி அடிவண்டலைத் துளையிட்டு எடுத்தார்கள். இந்த வட்டார ஏரிகளின் வண்டலில் தடித்த களிமண் அடுக்கு ஒன்று உண்டு; ஆய்வாளர்கள் அதற்கு மாயக் களிமண் என்றே பெயர் வைத்திருக்கிறார்கள். காடழித்துப் பயிரிட்ட நிலங்களிலிருந்து மழையில் அரித்து வந்த மண் அது. அதற்குமேல் களிமண் குறைந்து மரங்களின் மகரந்தம் கூடுகிறது. ஊர்கள் காலியான பிறகு 80 முதல் 260 ஆண்டுகளுக்குள் காடு மீண்டுவிட்டது என்று அதிலிருந்து கணக்கிட்டார்கள். டிக்காலில் நாம் கன்னிக்காடு என்று நினைத்துக்கொண்டு நடப்பது, பழைய வயல்கள்மேலும் வீடுகள்மேலும் முளைத்த அந்தக் காட்டுக்குள்தான்.