காக்கைக்குச் சோறு, மோயாங்குக்குப் படையல்

அமாவாசையன்று எங்கள் வீட்டில் காக்கைக்கு வைக்காமல் யாரும் சாப்பிட உட்கார முடியாது. பண்டமாரான் வீட்டின் பின்பக்கச் சுவரில் வாழையிலைத் துண்டைப் போட்டு, சோறும் பருப்பும் வடையும் வைத்துவிட்டுப் பாட்டி குரல் கொடுப்பார். காக்கை வர ஐந்து நிமிடம் தாமதமானால் அவர் முகம் வாடிவிடும். "தாத்தாவுக்கு என்ன கோபமோ" என்பார். பசியோடு நிற்கும் எங்களுக்குக் காக்கை மேல்தான் கோபம் வரும்.

வானொலியில் காலை நிகழ்ச்சி ஒன்றுக்காகக் காக்கையைப் பற்றித் தகவல் தேடியபோது, இரண்டு செய்திகள் என்னை நிறுத்தின.

முதலாவது, கிள்ளான் காக்கைகள் நம்மைப் போலவே கப்பலேறி வந்தவை. காப்பித் தோட்டங்களில் கம்பளிப் பூச்சியை ஒழிப்பதற்காக, 1900-ஐ ஒட்டிய ஆண்டுகளில் இலங்கையிலிருந்து பிடித்துவந்து கிள்ளானில் விடப்பட்டவை. அந்த முயற்சியில் ஈடுபட்டவர்களில் ஒருவர் ஆங்கிலேயத் தோட்ட முதலாளி எட்வர்ட் வேலன்டைன் கேரி. ஆமாம், நம் கேரித் தீவுக்குப் பெயர் தந்த அதே கேரிதான்.

இரண்டாவது, அமெரிக்காவில் 'காக்கை' என்று அழைக்கப்படும் ஒரு மக்களே இருக்கிறார்கள்.

பெயரை மாற்றியவர்கள்

மொன்டானா மாநிலத்தில் வாழும் 'குரோ' பழங்குடியினர் தங்களை அப்சாலோகே என்று சொல்லிக்கொள்கிறார்கள். பெரிய அலகுடைய பறவையின் பிள்ளைகள் என்பது பொருள். வெளியார் அதைக் காக்கை என்று மொழிபெயர்த்துவிட்டார்கள். அந்தப் பெயரே நின்றுவிட்டது. தாய்வழியே குலம் பார்ப்பவர்கள் இவர்கள்.

1851-இல் அமெரிக்க அரசு செய்த ஒப்பந்தத்தில் இவர்களுடைய நிலம் என்று ஒப்புக்கொண்டது சுமார் 3 கோடியே 80 இலட்சம் ஏக்கர். 1868-இல் அது ஏறக்குறைய 80 இலட்சமானது. இன்று எஞ்சியிருப்பது சுமார் 23 இலட்சம் ஏக்கர். ஆனால், 1904-இல் தொடங்கிய 'குரோ ஃபேர்' விழாவுக்கு இப்போதும் ஆண்டுதோறும் ஆகஸ்ட் மாதம் நூற்றுக்கணக்கான கூம்புக் கூடாரங்கள் எழுகின்றன. தாள வாத்தியங்களும் ஆட்டமும் குதிரைகளுமாக ஊரே கூடுகிறது.

இதைப் படித்தபோது ஒரு கேள்வி குத்தியது. அமெரிக்கச் செவ்விந்தியர்களைச் சினிமா பார்த்தாவது தெரிந்துவைத்திருக்கிறோம். பண்டமாரானிலிருந்து ஒரு மணி நேரத்துக்குள் போய்விடக்கூடிய கேரித் தீவில் வாழும் பூர்வகுடிகளை நமக்குத் தெரியுமா?

தாத்தா வேலை செய்த தீவு

தெலுக் பங்லிமா காராங் தாண்டி, லங்காட் ஆற்றுப் பாலத்தைக் கடந்தால் கேரித் தீவு. இருபுறமும் செம்பனை. என் தாத்தா அங்கேதான் தோட்டத்தில் வேலை செய்தார். லயத்து வீடு, பால்மரம், அம்மன் கோயில் திருவிழா என்று பாட்டி சொல்லாத கதை இல்லை. அந்தக் கதைகளில் எப்போதாவது "சக்காய்க்காரங்க நண்டு கொண்டாந்து விப்பாங்க" என்று ஒரு வரி வரும்.

அவர்கள் பெயர் சக்காய் அல்ல, மா மெரி. 'மா' என்றால் மக்கள், 'மெரி' என்றால் காடு. காட்டு மக்கள். 'சக்காய்' என்பது அடிமை என்ற பொருளில் பிறர் ஒட்டிய இழிசொல். 'கெலிங்' என்ற சொல் காதில் விழும்போது நமக்கு எப்படி வலிக்கிறதோ, அவர்களுக்கும் அப்படித்தான் வலித்திருக்கும். அந்தச் சொல்லை நம் வீடுகளிலும் புழங்கினோம் என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும்.

தீபகற்ப மலேசியாவில் அரசு அங்கீகரித்த 18 பூர்வகுடிப் பிரிவுகளில் மா மெரியும் ஒன்று. சிலாங்கூர் கடற்கரையோரம் வாழும் இவர்கள் சில ஆயிரம் பேர்தான். இவர்களின் மொழி மலாயோடு சேர்ந்ததல்ல. கம்போடியாவின் கெமர், வியட்நாமியம், இந்தியாவின் சந்தாலி, முண்டாரி ஆகியவை அடங்கிய ஆஸ்ட்ரோ-ஆசியக் குடும்பத்தைச் சேர்ந்தது.

கேரி இங்கே தோட்டம் போட்டது இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில். காட்டை வெட்டி, வடிகால் தோண்டி, ரப்பர் நட்டார்கள். பிறகு செம்பனை வந்தது. அந்த வேலைக்குக் கொண்டுவரப்பட்டவர்களில் நம்மவர்களும் உண்டு. நம் முன்னோர் வியர்வை சிந்திய மண் அது என்று பெருமையாகச் சொல்கிறோம். அந்த மண்ணில் அதற்கு முன்பே இன்னொருவரின் முன்னோர் இருந்தார்கள் என்பதை நான் கேட்டுத் தெரிந்துகொள்ள முப்பது வயது தாண்ட வேண்டியிருந்தது.

சாம்பிராணிப் புகையில் முன்னோர்

மா மெரியினரின் பெரிய நாள் 'ஹரி மோயாங்', அதாவது முன்னோர் நாள். சீனப் பெருநாளுக்குப் பிந்தைய வாரங்களில் வரும். தேதி ஆண்டுக்கு ஆண்டு மாறும். முன்னோருக்கென்று கட்டிய சிறு வீட்டில், இளம் ஓலையை மடித்தும் பின்னியும் செய்த தொங்கல்கள் ஆடும். நம் தென்னந்தோரணம் கண்ணில் வந்து போகும். உணவு படைத்து, 'கெமெஞான்' புகைத்து முன்னோரை அழைப்பார்கள். கெமெஞான் வேறொன்றுமில்லை, நம் வீட்டுச் சாம்பிராணிதான்.

கடலை நம்பி வாழ்பவர்கள் என்பதால் கடல் ஆவிகளுக்கும் தனி வழிபாடு உண்டு. 'பூஜா பந்தாய்' என்ற அந்தச் சடங்கை, நீர் வடிந்த சேற்றுக் கரையில் நடத்துவார்கள். பூஜா என்ற சொல்லுக்கு நமக்குப் பொருள் சொல்ல வேண்டியதில்லை.

'ஜோஓ' என்பது இவர்களின் ஆட்டம். நடுவே மண்மேட்டின் அடையாளம் ஒன்று இருக்கும். மரப்பட்டை உடையும் முகமூடியும் அணிந்த ஆண்களும், ஓலைப் பாவாடை கட்டிய பெண்களும் அதைச் சுற்றி ஆடுவார்கள். மேளம், பிடில், தரையில் குத்தி ஒலியெழுப்பும் மூங்கில் குழாய்கள் எல்லாம் சேரும்.

முகமூடிகளைச் செதுக்கப் பூலாய் என்ற மென்மரம். சிலைகளுக்குச் சதுப்புக் காட்டில் வளரும் செந்நிற 'நீரே பத்து' மரம். ஒவ்வொரு உருவமும் ஒரு மோயாங், ஒவ்வொன்றுக்கும் ஒரு கதை. ஒரே மரத்துண்டில், வளையத்துக்குள் வளையமாகச் சங்கிலியோடு செதுக்கப்படும் புலிச் சிற்பம் யுனெஸ்கோவின் கைவினைச் சிறப்பு முத்திரை பெற்றது. சதுப்புக் காடு சுருங்கச் சுருங்க அந்த மரமும் அரிதாகிக்கொண்டிருக்கிறது.

நிலம் போனால்?

மலேசியப் பூர்வகுடிகளுக்கென்று 1954-இல் இயற்றப்பட்ட சட்டம் இன்றும் நடப்பில் உள்ளது. நிலத்தை ஒதுக்குவதும், ஒதுக்கியதை ரத்து செய்வதும் மாநில அரசின் கையில். 1995-இல் விமான நிலையச் சாலைக்காக டெங்கில், புக்கிட் தம்போயில் தெமுவான் பூர்வகுடியினரின் சுமார் 38 ஏக்கர் எடுக்கப்பட்டது. மரத்துக்கும் பயிருக்கும் வீட்டுக்கும் இழப்பீடு கிடைத்தது. நிலத்துக்குக் கிடைக்கவில்லை. சாகோங் தாசியும் மற்றவர்களும் வழக்குத் தொடுத்தார்கள். வழிவழியாக வாழ்ந்த நிலத்தில் அவர்களுக்கு உரிமை உண்டு என்று 2002-இல் உயர்நீதிமன்றம் சொன்னது. 2005-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை உறுதிசெய்தது. அந்தத் தீர்ப்பை எழுதியவர் நீதிபதி கோபால் ஸ்ரீராம்.

ஆனால் தீர்ப்பு ஒன்று வந்ததும் கவலை தீர்ந்துவிடுவதில்லை. கேரித் தீவில் பெரிய துறைமுகம் கட்டும் திட்டம் 2017-இல் பேசப்பட்டது. துறைமுகம் வந்தால் வேலை வரும். சேற்றுக் கரை போய்விட்டால் பூஜா பந்தாய் எங்கே நடக்கும்? சதுப்புக் காடு இல்லாமல் சிலைக்கு மரம் எங்கிருந்து வரும்?

இது நமக்குப் புரியாத வலி அல்ல. தோட்டங்கள் வீடமைப்புக்கும் தொழிற்சாலைக்கும் கைமாறியபோது, கோயிலையும் சுடுகாட்டையும் விட்டுவிட்டு மூட்டை கட்டியவர்கள் நாம். லயம் இடிந்தபோது நாமாவது பண்டமாரானுக்கும் ஷா ஆலமுக்கும் போனோம். மா மெரியினர் வேறெங்கே போவார்கள்?

ஒரு ஞாயிறு போய்வாருங்கள்

சுங்கை பும்புன் கிராமத்தில் மா மெரி பண்பாட்டுக் கிராமம் இருக்கிறது. முன்கூட்டியே கேட்டுக்கொண்டு பிள்ளைகளோடு போகலாம். ஓலை பின்னக் கற்றுத் தருவார்கள். சிற்பம் வாங்குவதாக இருந்தால் செதுக்கியவரிடமே வாங்குங்கள். விலையைக் குடைந்து பேசாதீர்கள். ஒரு சிலைக்குப் பின்னால் பல நாள் உழைப்பு இருக்கிறது. முன்னோர் வீட்டைப் படமெடுக்கும் முன் அனுமதி கேளுங்கள். நம் வீட்டுப் பூசையறைக்குள் ஒருவர் செருப்போடு வந்தால் நமக்கு எப்படியிருக்கும்?

சென்ற முறை நான் வாங்கிவந்த சிறு முகமூடியைப் பாட்டியிடம் காட்டினேன். இது அவர்களின் முன்னோர் என்றேன். கையில் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார். தாத்தா படத்துக்குப் பக்கத்தில் மாட்டச் சொன்னார்.

அடுத்த அமாவாசைக்குச் சாம்பிராணி போட்டபோது, புகையை அந்தப் பக்கமும் ஒருமுறை காட்டினார். அன்று காக்கை சீக்கிரமே வந்துவிட்டது.