கண்ணுக்குத் தெரியாத மணலாறு

புதுவைக் கடற்கரைச் சாலை முடிந்து வடக்கே வைத்திக்குப்பம் பக்கம் நடந்து பாருங்கள். கரையை ஒட்டிக் கருங்கற்களைக் கொட்டி வைத்திருக்கிறார்கள். அவற்றின்மேல் ஓர் ஆமை ஏற முடியுமா?

பங்குனி ஆமை என்று மீனவர் அழைக்கும் கடலாமை ஆண்டின் முதல் மாதங்களில், பெரும்பாலும் இரவில் கரையேறும். மணலில் குழி தோண்டி ஏறக்குறைய நூறு முட்டைகள் இட்டு, மூடிவிட்டுப் போய்விடும். அடைகாப்பது மணலின் வெப்பமே. சூடு சற்று மிகுந்தால் பெண் குஞ்சுகளும் குறைந்தால் ஆண் குஞ்சுகளும் மிகுதியாகும். மணல் இல்லையேல் இவ்வளவும் இல்லை.

இந்த ஆமையைப் பற்றி 2003-இல் ஒரு படம் எடுத்தவர் சென்னையைச் சேர்ந்த சேகர் தத்தாத்ரி. இளம் வயதிலேயே கிண்டிப் பாம்புப் பண்ணையில் பழகியவர். வெளிநாட்டுத் தொலைக்காட்சிகளுக்குப் படமெடுத்துப் பெயர் பெற்றவர். 2000-ஆம் ஆண்டை ஒட்டி அந்த வேலையை விட்டு, இயற்கைப் பாதுகாப்புக்கென்றே படம் எடுக்கலானார். சிறுவர்க்கு நூல் எழுதுபவரும் ஆவார். பங்குனி ஆமைக்கும் ஒரு நூல் உண்டு. ஒடிசாக் கரைக்குத் திரளாக வரும் ஆமைகள் இழுவலையில் மடிவதைப் படம் காட்டியது. ஆமை நுரையீரலால் மூச்சு விடுவது. வலைக்குள் நெடுநேரம் அகப்பட்டால் கடற்பிராணியான அதுவே மூழ்கி இறக்கும்!

பின்னர் அவரே நம் ஊர் அமைப்பான பாண்டிகேனுக்காக, மறைந்துவரும் கடற்கரைகள் பற்றி ஒரு குறும்படம் எடுத்தார். அதில் புதுவையின் கதையும் வருகிறது. அதன் இயற்பியல் எளியது. அலை கரையைச் சாய்வாகத் தாக்குகிறது. நீர் நேராகச் சரிந்து திரும்புகிறது. ஆகவே மணல்துகள் ஒவ்வோர் அலைக்கும் சிறிது பக்கவாட்டில் நகர்கிறது. வடகிழக்குப் பருவக்காற்றின்போது தெற்கேயும் மற்ற மாதங்களில் வடக்கேயுமாக ஓடும் இந்த மணலாறு, ஆண்டுக் கணக்கில் பார்த்தால் வடக்கேதான் செல்கிறது. 1986 முதல் 1989 வரை கட்டப்பட்ட துறைமுகத் தடுப்புச் சுவர்கள் அதை மறித்தன. தெற்கே மணல் குவிந்தது. வடக்கே அலை அரித்துச் சென்ற மணலுக்கு ஈடாக வேறு மணல் வரவில்லை.

நாள்தோறும் உலாவப் போனவர்களுக்கு இது ஏன் உறைக்கவில்லை? மெதுவான மாற்றம் கண்ணுக்குப் புலப்படாது. நாளுக்கு ஒரு படம் பிடித்து, விநாடிக்கு 24 வீதம் ஓட்டினால் ஓராண்டு 15 விநாடியில் ஓடிவிடும். அப்போதுதான் கரை தேய்வது தெரியும். குறும்படம் எந்த உத்தியைக் கையாண்டாலும் காலத்தைச் சுருக்கும் இந்த வேலையைத்தான் செய்கிறது. கரும்பலகையில் நான் போடும் அம்புக்குறிகளுக்கு அந்த வலு இல்லை என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

தலைமைச் செயலகத்துக்கு எதிரே கடலடியில் 2018-இல் ஒரு செயற்கைத் திட்டு அமைத்தார்கள். அலையின் வேகம் தணிந்து, அங்கே மணல் திரும்பியது. வகுப்பில் இதை மகிழ்ச்சியோடு சொன்னேன். கடைசி வரிசையில் இருந்த மீனவர் வீட்டு மாணவன் எழுந்தான்.

“எங்க பக்கம் இன்னும் கல்லுதான் சார். கரைவலை இழுத்த கதையெல்லாம் ஆயா சொல்லித்தான் தெரியும்.”