கோடு பேசும் காதல்

சாகாமத்து வயல்வெளிகளிலும் கல்முனைக் கரையோர ஊர்களிலும் கவி பாடும் வழக்கம் பழைமையானது. ‘மச்சான்’, ‘மச்சி’ என விளித்துப் பாடும் அக்கவிகளிலே, காதலர் சொல்லத் தயங்குவதை நெல்லும் நிலவும் சொல்லிவிடும். சொல்லாமற் சொல்லும் இக்கலையை நன்கறிந்த நாம், இக்கால ஓவியத்தின் முன்னே மட்டும் திகைத்து நிற்பது ஏன்?

“இப்பெண்ணின் கண் ஏன் இத்துணைப் பெரிது? பக்கவாட்டு முகத்தில் நேர்முகமும் தெரிகின்றதே!” என்று நகைப்போர் உளர். அன்னோர் ஜோர்ஜ் கீற்றின் ஓவியங்களைச் சற்று நின்று நோக்குதல் நலம்.

1901 இல் கண்டியிற் பிறந்து 1993 இல் மறைந்த கீற், 1943 இல் கொழும்பிலே தோன்றிய ‘நாற்பத்து மூன்று குழு’வின் புகழ்பெற்ற ஓவியர். ஜயதேவரின் கீதகோவிந்தத்தை ஆங்கிலத்திற் பெயர்த்தவரும் அவரே. ஆதலின் கண்ணனும் இராதையும் அவர் சித்திரங்களிற் பன்முறை தோன்றுவதில் வியப்பில்லை. பிக்காசோ முதலியோர் வளர்த்த கியூபிச முறையை அவர் கீழைநாட்டுச் சுவரோவிய மரபோடு இணைத்தார். ஒருவர் தோளிற் பிறந்த கோடு மற்றவர் கையாக வளைந்து செல்லும்போது, இருவர் உள்ளமும் ஒன்றியமை நமக்குப் புலனாகின்றது. அங்க அளவுகளை அப்படியே வரைந்திருந்தால் இந்நெருக்கம் தோன்றியிராது.

காதல் ஆண்பெண் உறவோடு நின்றுவிடுவதுமன்று. யாழ்ப்பாணத்து ஓவியர் தா. சனாதனன் 2011 இல் ஒரு நூலை வெளியிட்டார். ‘முற்றுப்பெறாத தோம்பு’ என்று பொருள்படுவது அதன் பெயர். தோம்பு என்பது ஒல்லாந்தர் காலத்துக் காணிப் பதிவேடு. போரினால் வீடிழந்தோர் தம் நினைவைக் கொண்டே வரைந்த வீட்டு வரைபடங்களும், அவற்றையொட்டி ஓவியர் தீட்டிய சித்திரங்களும் அந்நூலில் உள்ளன. காணி ஏடு எல்லையையும் உரிமையையும் குறிக்கும். இந்த ஏடோ, இழந்த மனையின்மேல் மாந்தர் வைத்த பாசத்தைப் பதிந்து வைத்திருக்கின்றது.

2004 மார்கழிக் கடற்கோளில் மனையையும் உற்றாரையும் ஒருங்கே இழந்த நமது கரையோரக் குடும்பங்களுக்கு இப்பாசத்தின் கனம் தெரியும். ஒரு நிழற்படமேனும் எஞ்சாத வீடுகள் எத்தனை! அவற்றின் வாசலும் கிணற்றடியும் இன்று முதியோரின் நினைவில் மட்டுமே வாழ்கின்றன.

மாணவச் செல்வங்கள் ஓய்வுநாளில் மூத்தம்மாவின் அருகமர்ந்து அவ்வீட்டின் கதையைக் கேட்கட்டும். கேட்டதைத் தாளில் வரையட்டும். கோடு கோணலாயின் பாதகமில்லை. அறை எது, முற்றம் எது என்று அவர் விரல்வைத்துக் காட்டும்போது, ஓவியம் உணர்ச்சியை எவ்வாறு ஏந்துகின்றது என்பது பிள்ளைகளுக்குத் தானே விளங்கும்.