ஊரி பாடவில்லை, அதனால் என்ன?

மட்டக்களப்பு என்ற பேச்சை எடுத்தாலே 'மீன்பாடும் தேனாடு' என்று வாய் தானாகச் சொல்லிவிடும். ஆனால் வாவியிலிருந்து எழும் அந்தப் பாட்டைப் பற்றி நமக்குக் கிடைக்கும் பழைய, விரிவான அச்சுச் சான்றில், மீனவர்கள் மீனைச் சொல்லவில்லை. இலங்கையின் காலனித்துவச் செயலாளராக இருந்த ஜேம்ஸ் எமர்சன் டெனன்ட் 1848 செப்டெம்பரில் ஓர் இரவு வாவியில் படகேறினார். நீருக்கடியிலிருந்து தனித்தனியாக, மெல்லியதாகப் பல நாதங்கள் எழுவதைக் கேட்டார். படகுப் பலகையில் காதை வைத்தபோது அவை இன்னும் பலமாகக் கேட்டன. அதற்கு முன்பே விசாரித்தபோது, அது ஊரி என்ற நத்தையின் சத்தம் என்றிருந்தார்கள் மீனவர்கள். தேடிப்போய் ஊரிகளைக் கொண்டுவந்தும் காட்டியிருந்தார்கள். 1859இல் வெளியான 'சிலோன்' நூலில் டெனன்ட் இதைப் பதிவுசெய்தார். அவரிடம் வந்த இரண்டு வகைகளில் ஒன்று, கண்டல் காட்டுச் சேற்றில் வாழும் பெரிய ஊரி. இன்று அதன் அறிவியற் பெயர் டெரெப்ராலியா பலஸ்ட்ரிஸ். அப்படியானால் ஊரிக்குச் சேரவேண்டிய பெயரை மீன் தட்டிக்கொண்டு போய்விட்டதா? இல்லை. இந்த ஊரி பாடியிருக்க வாய்ப்பு மிகக் குறைவு. ஆனால் பாட்டை மறுத்த கையோடு ஊரியையும் மறந்துவிட்டோமே, அதுதான் தவறு.

முதலில் பாட்டின் கதையைத் தீர்த்துவிடலாம். நன்கு வளர்ந்த ஊரியின் ஓடு பத்துப் பன்னிரண்டு சென்ரிமீற்றர் நீளம் வரும். வட அவுஸ்திரேலியாவில் இன்னும் பெரிதாகவும் வளர்கிறது. கரும்பழுப்பு நிறம், தடித்த சுவர், கோபுரம்போல் அடுக்கடுக்காக ஒடுங்கிச் செல்லும் சுருள்கள். அவற்றின்மேல் நெடுக்கே மேடுகளும் குறுக்கே வரிகளும் ஓடும். உயிர் உள்ளே இழுத்துக்கொண்டால் வட்டமான மூடியொன்று வாயை அடைத்துவிடும். மூடி ஓட்டில் உரசும்போது சிறு சத்தம் வரலாம். நீண்டு நிற்கும் நாதத்தை எழுப்ப அதனிடம் உறுப்பு எதுவும் இல்லை. வசிக்கும் இடமும் பொருந்தவில்லை. பாட்டுக்குப் பேர்போன இடம் கல்லடிப் பாலத்தடி ஆழநீர். இந்த ஊரியோ கரையோரச் சேற்றில், வேர்களுக்கிடையே கிடப்பது. மீன்களுக்கோ காற்றுப்பை இருக்கிறது. வட அமெரிக்காவின் பசிபிக் கரையில் தேரைமீன் குடும்பத்து ஆண் மீன்கள் இனப்பெருக்கக் காலத்தில் அந்தப் பையைத் தசையால் அதிரவைத்து இரவெல்லாம் முரலுகின்றன. படகு வீடுகளில் உறங்குபவர்களைக்கூட எழுப்பிவிடும் அளவுக்கு அந்தச் சத்தம் பெரியது. வாவியில் பாடுவது அதே இனம் என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் இத்தகைய நாதத்துக்கு மீனின் உடலில் வழி இருக்கிறது, ஊரியின் உடலில் இல்லை.

'அப்படியானால் தலைமுறை தலைமுறையாக வாவியில் தொழில் செய்தவர்கள் பொய் சொன்னார்களா?' என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. அவர்கள் டெனன்டிடம் இரண்டு செய்திகளைச் சொன்னார்கள். சத்தம் ஊரியினுடையது என்பது ஒன்று. கோடையில் மட்டுமே கேட்கும், மழைவெள்ளம் வாவியில் இறங்கியதும் நின்றுவிடும் என்பது மற்றொன்று. முதலாவது ஊகம், இரண்டாவது கண்டும் கேட்டும் அறிந்தது. வாடைக்காற்று மழையில் வாவி நன்னீராகும்போது உவர்நீரை நாடும் உயிர்கள் விலகிப்போவது இயல்பு. ஆகவே பாடும் உயிரைத் தேடுபவருக்கு அந்த இரண்டாவது செய்தி இன்றும் நல்ல தடயம். ஊகம் பிழைத்ததற்காக அனுபவத்தைத் தள்ளிவிடக்கூடாது.

இனி, ஊரி உண்மையில் என்ன செய்கிறது என்று பார்ப்போம். கண்டல் மரத்திலிருந்து பழுத்த இலையொன்று சேற்றில் விழுகிறது. ஓர் ஊரி அதை மணம் பிடித்து ஊர்ந்து வந்து விளிம்பிலிருந்து அராவத் தொடங்குகிறது. அது தின்னும் மணம் மற்ற ஊரிகளையும் இழுக்க, சற்று நேரத்தில் அந்த ஒரே இலையைச் சுற்றி ஒரு கூட்டமே மொய்த்துவிடுகிறது. குஞ்சு ஊரிகளால் இது முடியாது. அவை சேற்றின் மேற்படிவை மட்டுமே மேயும். வளர வளர நாக்கின் பல்வரிசையே மாறி, அதன் பிறகுதான் தடித்த இலையைத் தின்னும் தகுதி வருகிறது. கென்யாவின் கண்டல் காடுகளில் செய்த ஆய்வுகள், உதிரும் இலைகளுக்காக இந்த ஊரியும் நண்டுகளும் போட்டிபோடுவதைக் காட்டின. யார் தின்றாலும் காட்டுக்கு இலாபம்தான். இலை நீரோடு போய்விடாமல் துகளாகவும் எச்சமாகவும் அந்த மண்ணிலேயே தங்குகிறது. இறால் குஞ்சும் மீன் குஞ்சும் வளரும் சேற்றுக்கு உரம் இப்படித்தான் சேர்கிறது.

'சேறெல்லாம் ஊரி கிடக்கிறது, இதற்கென்ன கவலை?' என்பவர்கள் அரபுக் கரையைப் பார்க்க வேண்டும். அமீரக, ஓமான் கரைகளில் பல்லாயிரம் ஆண்டு பழைய குப்பைமேடுகளில் இதே ஊரியின் ஓடுகள் கிடைக்கின்றன. அந்த மக்கள் அதைத் தின்று வாழ்ந்திருக்கிறார்கள். இன்று அமீரகத்தில் அது உயிரோடு இருப்பதாக அறியப்பட்ட இடம் கோர் கல்பா என்ற பழைய கண்டல் காடு மட்டுமே. மற்ற இடங்களிலும் கண்டல் நிற்கிறது, புதிதாக நடவும் செய்கிறார்கள். ஊரி மட்டும் திரும்பவில்லை. மரம் நின்றால் போதாது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டாம். மட்டக்களப்பிலும் இறால் பண்ணைக்காகவும் போர்க்காலப் பாதுகாப்புக்காகவும் கண்டல் வெட்டப்பட்டது. 2015இல் நாட்டின் கண்டல் காடுகள் அனைத்தையும் காக்கப்போவதாக இலங்கை அறிவித்தது. கன்று நடும் விழாக்களும் நடக்கின்றன. நல்லதுதான். ஆனால் நட்ட கன்றின் எண்ணிக்கை காட்டின் நலத்துக்கு அளவாகாது.

மீனின் புகழை யாரும் பறிக்க வேண்டியதில்லை. நகரத்தின் பெயரோடு அது இருந்துவிட்டுப் போகட்டும். கண்டல் நடும் அமைப்புகளிடமும் அதிகாரிகளிடமும் கேட்பது ஒன்றுதான். நட்டு ஐந்தாறு ஆண்டுகள் கழித்து அந்தச் சேற்றில் இறங்கி, இலை தின்னும் வளர்ந்த ஊரிகள் வந்திருக்கின்றனவா என்று எண்ணிப் பாருங்கள். வந்திருந்தால் அது காடு. வராவிட்டால் வெறும் மரவரிசை.