எல்லாரையும் ஏற்றிச் செல்லும் வண்டி

நுழையும்முன்

சொந்த ஊர்தி இல்லாதவரும் வேலைக்கும் கல்விக்கும் மருத்துவத்துக்கும் உரிய நேரத்தில் சென்றுசேர முடிந்தால்தான் ஒரு நகரம் அனைவருக்கும் பொதுவானதாகும். சென்னையில் அப்பொறுப்பைப் பெரிதும் சுமப்பது மாநகர் போக்குவரத்துக் கழகம். அதன் வரலாறு, பேருந்தில் ஏற முடிந்தவர்களின் வட்டம் படிப்படியாக விரிந்த வரலாறாகும்.

தண்டவாளத்திலிருந்து சாலைக்கு

இந்தியாவில் மின்சார டிராம் வண்டி முதன்முதலில் ஓடியது சென்னையில்தான். 1895ஆம் ஆண்டு மே 7ஆம் நாள் தொடங்கிய அச்சேவை, துறைமுகத்தை நகரின் உட்பகுதிகளோடு இணைத்தது. டிராம் செல்லத் தண்டவாளமும் மின்கம்பியும் வேண்டும். நகரம் வளர வளர, அவை எட்டாத இடங்களில் குடியிருப்புகள் தோன்றின. சாலையுள்ள இடமெல்லாம் செல்லவல்ல பேருந்து, அங்கு வாழ்ந்தோருக்குக் கைகொடுத்தது. டிராமை நடத்திய நிறுவனம் நட்டத்தில் மூழ்கியதால், 1953ஆம் ஆண்டு ஏப்ரல் 12ஆம் நாளோடு அவ்வண்டியின் ஓட்டம் நின்றது.

அதற்கு முன்பே நகரப் பேருந்துகள் அரசின் பொறுப்புக்கு வந்திருந்தன. 1947இல் அரசு 30 பேருந்துகளுடன் தன் சேவையைத் தொடங்கியது. அடுத்த ஆண்டு நகரப் பேருந்துப் போக்குவரத்து நாட்டுடைமையாக்கப்பட்டது. இம்மாற்றத்தின் பயன் பெரிது. இலாபம் ஒன்றையே கருதும் வண்டி, கூட்டம் மிகுந்த தடத்தையே நாடும். எல்லாத் தடங்களும் ஒரே நிருவாகத்தின்கீழ் அமையும்போது, நெரிசல்மிக்க தடத்தின் வருவாய் ஆளரவம் குறைந்த புறநகர்த் தடத்தின் இழப்பைத் தாங்கிக்கொள்ளும்.

பெயரும் அமைப்பும்

அரசுத் துறையாக இயங்கிவந்த இச்சேவை, 1972 சனவரி 1ஆம் நாள் பல்லவன் போக்குவரத்துக் கழகமாக உருப்பெற்றது. தொண்டை நாட்டை ஆண்ட மரபின் பெயரைத் தாங்கிய அக்கழகம், 1,029 பேருந்துகளுடன் பணியைத் தொடங்கியது. 1994இல் அது இரண்டாகப் பிரிக்கப்பட்டது. 2001இல் அவ்விரண்டும் மீண்டும் இணைந்து இன்றைய மாநகர் போக்குவரத்துக் கழகமாயின. பல்லவன் என்னும் பெயர் மறைந்துவிடவில்லை. கழகத்தின் தலைமையகம் இன்றும் ‘பல்லவன் இல்லம்’ என்றே வழங்குகிறது.

எண்ணும் எழுத்தும்

3,000க்கும் மேற்பட்ட பேருந்துகளை இயக்கும் கழகத்துக்குத் தெளிவான தட ஒழுங்கு இன்றியமையாதது. பேருந்தின் நெற்றியிலுள்ள எண் தடத்தைக் குறிக்கும். எண்ணின் பின்வரும் எழுத்து, அத்தடத்தின் கிளையைச் சுட்டும். பெரம்பூரையும் பெசன்ட் நகரையும் இணைக்கும் ‘29 சி’ இதற்கு ஓர் எடுத்துக்காட்டு. தடம் முழுவதும் செல்லாமல் இடையிலேயே திரும்பும் வண்டியின் பலகையில் ‘கட்’ என்னும் சொல் இடம்பெறும். அதனைக் கவனியாமல் ஏறியவர், இடைவழியில் இறங்கி வேறு வண்டிக்குக் காத்திருக்க நேரும்.

விரிந்த வாயில்

பள்ளி மாணவர்களுக்குக் கட்டணமில்லாப் பயணம் வழங்கப்படுகிறது. 60 வயது நிறைந்த முதியோருக்கு மாதந்தோறும் 10 பயண வில்லைகள் வழங்கும் திட்டம் 2016இல் தொடங்கியது. 2021 மே மாதம் முதல் சாதாரணக் கட்டணப் பேருந்துகளில் மகளிர் கட்டணமின்றிப் பயணிக்கின்றனர். திருநங்கையரும் மாற்றுத்திறனாளிகளும் பின்னர் இச்சலுகையில் சேர்க்கப்பட்டனர். இப்பயணங்களுக்கான தொகையை அரசு கழகத்துக்கு ஈடுசெய்கிறது. வீட்டு வேலைக்குச் செல்லும் பெண்ணுக்கு இதனால் மிஞ்சுவது பணம் மட்டுமன்று. கூலி சற்றுக் கூடுதலாகக் கிடைக்கும் தொலைவான இடத்துக்கும் அவர் செல்ல முடிகிறது.

கட்டணம் நீங்கினாலும் உயரமான படி தடையாக நிற்கலாம். தாழ்தளப் பேருந்து அத்தடையை நீக்குகிறது. நிறுத்தத்தில் அது நடைமேடைப் பக்கம் சற்றுச் சாய்ந்துகொடுக்கும். சாய்தளப் பலகையின் வழியாகச் சக்கர நாற்காலி உள்ளே செல்லும். 2025 சூனில் வியாசர்பாடி பணிமனையிலிருந்து 120 தாழ்தள மின்பேருந்துகள் இயங்கத் தொடங்கின. அவை ஓடும்போது புகையை வெளியிடுவதில்லை. அதே ஆண்டு செப்டம்பரில் அறிமுகமான ‘சென்னை ஒன்’ செயலியால், பேருந்து, மெட்ரோ, புறநகர்த் தொடர்வண்டி ஆகிய மூன்றிலும் ஒரே பயணச்சீட்டில் செல்ல முடிகிறது.

காத்திருப்பின் விலை

சலுகைகளின் பயன், பேருந்து உரிய நேரத்தில் வருவதைப் பொறுத்தே அமையும். வண்டிகள் போதாதபோது நெரிசல் மிகுகிறது. மாணவர்கள் படிக்கட்டில் தொங்கிச் செல்லும் ஆபத்தும் நேர்கிறது. காத்திருந்து சலித்தவர் கடன் வாங்கியேனும் இருசக்கர ஊர்தி வாங்குகிறார். அவ்வாறு ஊர்திகள் பெருகப் பெருகச் சாலை நெரிகிறது. நெரிந்த சாலையில் பேருந்து மேலும் தாமதமாகிறது. ஐம்பது பேரை ஏற்றிய ஒரு பேருந்து அடைக்கும் இடத்தில், சில மகிழுந்துகளே நிற்க முடியும். ஆகவே பேருந்துகளைப் பெருக்குவதும் அவற்றுக்குச் சாலையில் உரிய இடம் அளிப்பதும், அவற்றில் ஏறாதவர்க்கும் நன்மை பயக்கும்.

வைகறையில் பணிமனையை விட்டுப் புறப்படும் முதல் பேருந்தில் பூக்கூடையோடு ஒருவர் ஏறலாம். இரவுப்பணி முடித்த செவிலியர் ஒருவரும் ஏறலாம். இருவருக்கும் வேறு ஊர்தி இல்லை. அவ்வண்டி வாராது போனால், ஒருவருக்கு அன்றைய வணிகமும் மற்றவருக்கு அன்றைய உறக்கமும் போய்விடும்.