அதிராம்பட்டினமும் ஆங்கில உயிரெழுத்தும்

தஞ்சை ஜில்லாவின் கடற்கரையிலுள்ள அதிராம்பட்டினத்தின் பெயரை ஆங்கில எழுத்தில் மட்டும் கண்ட அன்னியர், ‘அடிரம்பட்டினம்’ என்று வாசிப்பாராயின் அவர் மீது நாம் கோபங்கொள்வதற்கில்லை. முதலிலுள்ள அகரத்துக்கும் நடுவிலுள்ள ஆகாரத்துக்கும் ஆங்கிலத்தில் எழுதப்படுவது ‘ஏ’ என்னும் ஒரே எழுத்தாகும். எது குறில், எது நெடில் என்று அவர் எவ்விதம் அறிவார்?

தமிழில் உயிர் 12. எழுத்தைக் கண்டால் ஒலி விளங்கும். ஆங்கிலத்திலோ உயிரெழுத்து 5. தென் இங்கிலாந்தில் படித்தவர் பேச்சில் உயிரொலி ஏறக்குறைய 20. இதற்குக் காரணமும் உண்டு. சுமார் 1400 முதல் 1700 வரை ஆங்கிலேயர் நாவில் நெடில்கள் இடம் பெயர்ந்தன. எழுத்தோ பெரும்பாலும் பழைய இடத்திலேயே நின்றுவிட்டது. இன்று ‘நேம்’ என ஒலிக்கும் சொல் அதற்கு முன் ‘நாம’ என்றே ஒலித்தது. ‘நாமம்’ என்னும் வடசொல்லுக்கு அது உறவு!

2020 ஜூனில் தமிழ்நாட்டு அரசாங்கத்தார் 1,018 ஊர்களின் பெயர்களைத் தமிழ் உச்சரிப்புக்கு இயைய ஆங்கிலத்தில் எழுதுமாறு உத்தரவை வெளியிட்டனர். நோக்கம் நன்றே. டாஞ்சூர் என்றும் டூட்டிகோரின் என்றும் அன்னியர் சிதைத்ததைக் கேட்டுப் புண்பட்ட செவி நம்முடையது. ஆயினும், வேலூரின் ஏகாரத்துக்காக ‘ஈ’ என்னும் ஆங்கில எழுத்தை இரட்டித்தனர். ஆங்கிலம் கற்றோர் அதை ‘வீலூர்’ என்று வாசித்து நகைத்தனர். கண்டனம் எழுந்தது, அம்மாதத்திலேயே உத்தரவு வாபஸ் பெறப்பட்டது.

நமக்கும் இவ்விடர் புதிதன்று. ஓலையில் புள்ளியிடாமையால் எகரமும் ஏகாரமும் மயங்கி நின்றன. 18-ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் அவற்றுக்கு வடிவ வேற்றுமை வகுத்தார். நம் எழுத்தை நாம் திருத்தலாம். பிறர் எழுத்து நம் ஆணைக்கு அடங்குமோ?

ஆகவே நாம் சொல்வது இரண்டு. ஊர்ப் பெயரின் ஒலிக்குத் தமிழெழுத்தே பிரமாணமாகட்டும். அன்னியர் அதை ஊராரிடம் கேட்டறியட்டும். அவ்வாறே, ஆங்கிலம் பயிலும் நம் வாலிபர்கள் அதை எழுத்தைக் கண்டு ஊகியாது, செவியால் கற்கட்டும். ‘கேக்’, ‘கோட்’ என்று நாம் நேராக நீட்டும் ஒலிகளை, தென் இங்கிலாந்தார் முறையே இகரத்திலும் உகரத்திலும் சாய்த்து முடிப்பர். அச்சாயல் நம் நாவில் வாராவிடினும் வெட்கமில்லை. பொருள் விளங்கினாற் போதும். சென்னைக்கோ சிங்கப்பூருக்கோ வேலை தேடிச் செல்லும் காவேரிக் கரைப் பிள்ளையை, உச்சரிப்பொன்றைக் கொண்டு அறிவிலி எனத் தள்ளுவது அநீதி. நம் ஊர்ப் பெயரைச் சிதைத்தவரை யாம் பொறுத்தோமே. நம் பிள்ளைகளின் ஆங்கிலத்தை உலகம் பொறுக்கலாகாதா?