கௌபாய் இசைக் குறும்படங்கள்

கௌபாய் இசைக் குறும்படங்கள் என்பவை, 1930களில் அமெரிக்கத் திரையரங்குகளில் முழுநீளப் படத்துடன் சேர்த்துக் காட்டப்பட்ட சிறு படங்களில் ஒரு வகை ஆகும். மாட்டுப் பண்ணைப் பின்னணியில் எளிய நகைச்சுவைக் கதையும் சில பாடல்களும் இவற்றில் இடம்பெறும். பல படங்கள் இரண்டு சுருள்கள் கொண்டவை. ஒரு சுருள் ஏறத்தாழ 10 நிமிடம் ஓடும்.

ஆர்கேஓ நிறுவனம் பாடகர் ரே விட்லியை நாயகனாகக் கொண்டு இத்தகைய படங்களைத் தொடர்ந்து வெளியிட்டது. அந்நிறுவனத்தின் முழுநீளப் படங்களில் அவருக்குத் துணை வேடங்களே கிடைத்தன. அவற்றுள் ஒன்றான 'பார்டர் ஜி-மேன்' (1938) படத்துக்காக அவர் எழுதிய 'பேக் இன் த சாடில் அகெய்ன்' என்னும் பாடலை, நடிகரும் பாடகருமான ஜீன் ஆட்ரி சிறிது மாற்றி 1939இல் இசைத்தட்டில் பாடினார். அது ஆட்ரியின் அடையாளப் பாடலாயிற்று. இன்றும் பாடலை அறிந்த பலர், முதலில் எழுதியவரை அறிவதில்லை.